கிரிமினல் வழக்கை உயர் நீதிமன்றத்தில் ரத்து செய்வது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாவட்ட நீதிமன்றத்தில் வக்கீலாகத் தொழில் செய்கிறேன். வழக்கில் சிக்கி வருகிறவர்கள் முதலில் ஜாமீனைப் பற்றிக் கேட்பார்கள். அது முடிந்ததும், "ஹைகோர்ட்டில் கேஸையே உடைத்துவிடலாமா?" என்பார்கள். சில வழக்குகளில் முடியும், பல வழக்குகளில் முடியாது. முடியாமல் போவதைவிட எனக்கு அதிக வருத்தம் தருவது, ஹைகோர்ட்டை நம்பிக்கொண்டு கீழ் நீதிமன்றத்தில் இருந்த வாய்ப்பைக் கைநழுவ விட்டுவிட்டு வருகிறவர்களின் நிலைமைதான். எந்தக் கட்டத்தில் என்ன மனு போட வேண்டும், எதற்கு எது தடையாக வரும் என்று முன்கூட்டியே தெரிந்திருந்தால் இதைத் தவிர்க்கலாம்.

தமிழ்நாடு, புதுச்சேரி வழக்குகளை மனதில் வைத்து எழுதியிருக்கிறேன். உங்கள் வழக்கின் காகிதங்களைப் படித்த வக்கீலின் ஆலோசனைக்கு இது மாற்று அல்ல.

எஃப்.ஐ.ஆர்., சார்ஜ் ஷீட், சார்ஜ் ஃப்ரேம் எல்லாம் ஒண்ணுதானே?

இல்லை. மூன்றும் மூன்று கட்டங்கள். காவல் நிலையத்தில் புகாரைப் பதிவு செய்வது எஃப்.ஐ.ஆர். என்கிற முதல் தகவல் அறிக்கை. விசாரணை முடிந்து போலீஸ் நீதிமன்றத்தில் தாக்கல் செய்வது குற்றப்பத்திரிகை, அதாவது சார்ஜ் ஷீட். அதற்குப் பிறகு நீதிபதி காகிதங்களைப் பார்த்து, இரு தரப்பையும் கேட்டு, "இன்ன பிரிவின்படி உங்கள் மீது குற்றச்சாட்டு" என்று தானே எழுதிப் படித்துக் காட்டுவதுதான் சார்ஜ் ஃப்ரேம். சட்டத்தமிழில் இதைக் குற்றச்சாட்டு வனைதல் என்பார்கள்.

உங்கள் வழக்கு இந்த மூன்றில் எங்கே நிற்கிறது என்பதை முதலில் தெரிந்துகொள்ளுங்கள். கீழே வரும் பதில்கள் பெரும்பாலும் அதைப் பொறுத்தவை.

'குவாஷ்' போடுறதுன்னா என்ன? அது எந்தச் சட்டத்துல இருக்கு?

வழக்கை முழு விசாரணைக்கு விடாமல், தொடக்கத்திலேயே ரத்து செய்யும்படி உயர் நீதிமன்றத்திடம் கேட்பதுதான் குவாஷ் மனு. சென்னை உயர் நீதிமன்றத்தில் இது கிரிமினல் ஓ.பி. என்ற வகையில் எண்ணிடப்படும். அதிகாரம் இருப்பது பி.என்.எஸ்.எஸ். என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 528ஆவது பிரிவில். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இது 482.

இந்தப் பிரிவு புதிதாக எந்த அதிகாரத்தையும் கொடுப்பதில்லை. உயர் நீதிமன்றத்துக்கு இயல்பாகவே உள்ள அதிகாரத்தைக் காப்பாற்றி வைக்கிறது. இந்தச் சட்டத்தின் கீழ் பிறந்த உத்தரவுகளைச் செயல்படுத்த, நீதிமன்ற நடைமுறை தவறாகப் பயன்படுவதைத் தடுக்க, நீதி கிடைக்கச் செய்ய என்று மூன்று நோக்கங்களைச் சொல்கிறது. எல்லை எழுதப்படாத பெரிய அதிகாரம் என்பதாலேயே, அபூர்வமாகவும் கவனமாகவும்தான் கையில் எடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லி வருகிறது.

எங்க கேஸ் 2022ல போட்டது. பழைய 482ஆ, புது 528ஆ?

புதிய சட்டங்கள் 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ளன. அதற்கு முன் நடந்த குற்றத்துக்கு ஐ.பி.சி. என்ற பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் பிரிவுகளே பொருந்தும். அந்தத் தேதியில் நிலுவையில் இருந்த விசாரணையும் வழக்கும் பழைய நடைமுறைச் சட்டப்படியே தொடரும் என்று பி.என்.எஸ்.எஸ். 531 சொல்கிறது. தலைப்பில் பிரிவு எண்ணைத் தவறாகப் போட்டதற்காக மட்டும் மனு தோற்றுவிடாது. அதிகாரம் இருக்கிறதா என்றுதான் பார்ப்பார்கள்.

எண்களில் ஒரு குழப்பம் மட்டும் வேண்டாம். பழைய சட்டத்தில் 482 என்றால் குவாஷ். புதிய சட்டத்தில் 482 என்றால் முன்ஜாமீன். "482 போட்டாச்சு" என்று யாராவது சொன்னால் எந்தச் சட்டத்தின் 482 என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

சென்னைக்கு வரணுமா, மதுரைக்குப் போகணுமா? எங்க ஊர் ஜில்லா கோர்ட்டிலேயே முடிக்க முடியாதா?

528 உயர் நீதிமன்றத்துக்கு மட்டும் உரிய அதிகாரம். மாஜிஸ்திரேட்டோ செஷன்ஸ் நீதிபதியோ எஃப்.ஐ.ஆரை ரத்து செய்ய முடியாது. அவர்களிடம் இருப்பது விடுவிக்கும் அதிகாரம். அதைப் பின்னால் சொல்கிறேன்.

மதுரைக் கிளை 2004 ஜூலையில் தொடங்கியது. மதுரை, திண்டுக்கல், தேனி, ராமநாதபுரம், சிவகங்கை, விருதுநகர், புதுக்கோட்டை, தஞ்சாவூர், திருச்சி, கரூர், திருநெல்வேலி, தென்காசி, தூத்துக்குடி, கன்னியாகுமரி மாவட்ட வழக்குகள் அங்கே போகும். மற்றவையும் புதுச்சேரியும் சென்னைக்கு. நீங்கள் குடியிருக்கும் ஊரை வைத்து இது முடிவாகாது. வழக்குப் பதிவான காவல் நிலையம் எந்த மாவட்டத்தில் இருக்கிறது என்பதே கணக்கு.

புகாரே முழுப் பொய். எங்கிட்ட வீடியோ இருக்கு, சாட்சி இருக்கு. ஹைகோர்ட் ஏன் அதைப் பார்க்க மாட்டேங்குது?

என்னிடம் அதிகம் பேர் கேட்பது இதைத்தான். பதிலைக் கேட்டு அதிகம் பேர் மனம் உடைவதும் இதற்குத்தான். குவாஷ் மனுவில் நீதிபதி கேட்டுக்கொள்ளும் கேள்வி "யார் சொல்வது உண்மை?" என்பது அல்ல. "புகாரில் எழுதியிருப்பதை எல்லாம் அப்படியே ஏற்றுக்கொண்டாலும் குற்றம் ஆகுமா?" என்பதுதான். ஆகும் என்றால், பொய்யா நிஜமா என்று பார்ப்பது விசாரணை நீதிமன்றத்தின் வேலை. சாட்சியைக் கூண்டில் ஏற்றிக் குறுக்கு விசாரணை செய்யாமல், பிரமாணப் பத்திரங்களை மட்டும் வைத்து உண்மையைக் கண்டுபிடிக்க முடியாது என்பதே காரணம். "நான் அன்றைக்கு ஊரிலேயே இல்லை" என்ற வாதமும் சாதாரணமாக இதே இடத்தில்தான் நின்றுபோகும்.

விதிவிலக்கு ஒன்று உண்டு. உச்ச நீதிமன்றம் 2013ல் ராஜீவ் தாப்பர் வழக்கில், குற்றம் சாட்டப்பட்டவர் காட்டும் ஆவணம் அப்பழுக்கில்லாததாக, யாரும் சந்தேகப்பட முடியாத தரத்தில் இருந்து, எதிர்த்தரப்பும் அதை மறுக்க முடியாமல், புகாரின் அடிப்படையையே அது தகர்க்குமானால் உயர் நீதிமன்றம் பார்க்கலாம் என்றது. நீதிமன்றத் தீர்ப்பு நகல், அரசுப் பதிவேடு போன்றவற்றை வைத்து இப்படி வாதாட இடமிருக்கிறது. உங்கள் செல்போனில் இருக்கும் வீடியோ அந்தத் தரத்தை எட்டுவது கடினம். அதற்காக அழித்துவிடாதீர்கள். விசாரணையில் அதுவே உங்களைக் காப்பாற்றலாம்.

அப்போ எந்த மாதிரி கேஸைத்தான் ரத்து பண்ணுவாங்க?

அரியானா முன்னாள் முதல்வர் பஜன்லால் சம்பந்தப்பட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏழு வகைகளை எடுத்துக்காட்டாகச் சொன்னது. தீர்ப்பு 1990 நவம்பரில் வந்தது. இன்றும் எந்தக் குவாஷ் மனுவை எடுத்தாலும் அதன் பெயர் இருக்கும். ஏழையும் இங்கே எழுதப்போவதில்லை. நம் ஊர் வழக்குகளில் அடிக்கடி உதவுகிறவை சில: சொன்னதை அப்படியே ஏற்றாலும் குற்றமே ஆகாதது, எந்த விவேகமுள்ள மனிதரும் நம்ப முடியாத அளவுக்கு அபத்தமானது, சட்டமே வெளிப்படையாகத் தடை போட்டிருப்பது (உதாரணமாக, முன் அனுமதி வாங்க வேண்டிய வழக்கில் வாங்காதது), பழிவாங்கும் நோக்கத்துடன் கெட்ட எண்ணத்தில் போடப்பட்டது வெளிப்படையாகத் தெரிவது.

கடைசியில் சொன்னதை எல்லோரும் பிடித்துக்கொள்கிறார்கள். முன்பகை இருந்தது என்பது மட்டும் போதாது. புகார்தாரருக்கு உங்கள் மேல் கோபம் இருக்கலாம், அவர் சொல்வது உண்மையாகவும் இருக்கலாம். பகையோடு சேர்ந்து, புகாரில் குற்றத்தின் கூறுகளும் இல்லை என்று காட்டினால்தான் வாதம் நிற்கும்.

இது வெறும் கொடுக்கல் வாங்கல் தகராறு. சிவில் கோர்ட்டுக்குப் போக வேண்டியதை 420ல போட்டுட்டாங்க. இதை ரத்து பண்ணலாமா?

நல்ல காரணம்தான், காகிதம் ஒத்துழைத்தால். ஏமாற்றுதல் என்ற குற்றத்துக்கு, வாக்குக் கொடுக்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்திருக்க வேண்டும். நல்ல எண்ணத்தில் கடன் வாங்கி, வியாபாரம் நொடித்துத் திருப்பிக் கொடுக்க முடியாமல் போனது ஏமாற்றுதல் ஆகாது. புகாரில் அந்தத் தொடக்க எண்ணத்தைப் பற்றி ஒரு வரியும் இல்லை என்றால் மனுவுக்கு வலு உண்டு.

ஆனால் ஒரே சம்பவம் சிவில் தகராறாகவும் கிரிமினல் குற்றமாகவும் இருக்க முடியும். நிலப் பத்திரத்தில் கள்ளக் கையெழுத்து என்று புகார் இருந்தால், சிவில் வழக்கு நிலுவையில் இருப்பதை மட்டும் காட்டித் தப்பிக்க முடியாது.

குவாஷ் போட்டுட்டா போலீஸ் கைது பண்ண முடியாதுதானே? கேஸும் நின்னுடும்தானே?

இரண்டுமே தானாக நடக்காது. மனு எண் கிடைத்துவிட்டது என்பது தடை உத்தரவு ஆகாது. தடை வேண்டுமானால் தனியாக இடைக்கால மனு போட்டு, நீதிபதி உத்தரவிட வேண்டும். அதுவரை வாய்தாவுக்குப் போகாமல் இருந்தால் பிடிவாரண்ட் வரும். அப்படி வாரண்ட் வாங்கியவர்களைப் பார்த்திருக்கிறேன். மனு நிலுவையில் இருக்கும்போது மாஜிஸ்திரேட் கோர்ட்டில் ஆஜராவது, முடியாத நாளில் வக்கீல் மூலம் ஆஜராமை மனு போடுவது இரண்டும் தொடர வேண்டும்.

கைதைப் பொறுத்தவரை, 2021 ஏப்ரலில் நீகாரிகா இன்ஃப்ராஸ்ட்ரக்சர் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு தெளிவாகச் சொன்னது: போலீஸ் விசாரணை நடக்கும் கட்டத்தில், காரணம் எழுதாமல் "கடும் நடவடிக்கை எடுக்கக் கூடாது" என்று பொத்தாம்பொதுவாக உத்தரவிடக் கூடாது, கைதுக்குப் பயந்தால் முன்ஜாமீன் கேட்கட்டும். ஆகவே கைது பயம் இருந்தால் முன்ஜாமீன் மனுவைத் தனியாகப் போடுங்கள். கிடைத்த தடை ஆறு மாதத்தில் தானாகக் காலாவதி ஆகும் என்ற 2018 தீர்ப்பை, 2024 பிப்ரவரி 29 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு மாற்றிவிட்டது. இப்போது தடை தானாக விலகாது.

குவாஷ் மனுவை எத்தனை நாளுக்குள்ள போடணும்?

528க்குச் சட்டத்தில் கால வரம்பு கிடையாது. ஆனால் தாமதத்துக்கு விலை உண்டு. சாட்சி விசாரணை பாதி முடிந்த பிறகு வந்தால், "அங்கேயே வாதாடிக்கொள்ளுங்கள்" என்று அனுப்பிவிடுவதே வழக்கம். அப்படி அனுப்பும்போது ஒவ்வொரு வாய்தாவுக்கும் நேரில் வர வேண்டியதில்லை என்றோ, இத்தனை மாதத்துக்குள் விசாரணையை முடிக்க வேண்டும் என்றோ உத்தரவு தருவார்கள். வெளிநாட்டில் வேலை பார்ப்பவர்களுக்கும் வயதானவர்களுக்கும் அந்த உத்தரவே பெரிய நிம்மதி.

மற்ற வழிகளுக்குக் கால வரம்பு உண்டு. கீழ் நீதிமன்ற உத்தரவு சரியா என்று மேல் நீதிமன்றத்தைப் பார்க்கச் சொல்லும் சீராய்வு மனுவுக்குக் காலவரையறைச் சட்டப்படி 90 நாள். தாமதத்தை மன்னிக்கக் கேட்கலாம், காரணம் சொல்ல வேண்டும். விடுவிப்பு மனுவுக்குப் புதிய சட்டம் 60 நாள் வைத்திருக்கிறது. அதுதான் அடுத்து வருகிற முக்கியமான விஷயம்.

டிஸ்சார்ஜ் பெட்டிஷன் எதுக்கு? நேரா ஹைகோர்ட்டுக்கே போயிடலாமே?

டிஸ்சார்ஜ், அதாவது விடுவிப்பு மனு, உங்கள் விசாரணை நீதிமன்றத்திலேயே போடுவது. சார்ஜ் ஷீட்டையும் அதோடு வந்த ஆவணங்களையும் பார்த்தால் வழக்கு நடத்தும் அளவுக்கு எதுவும் இல்லை, என்னை விடுவியுங்கள் என்று கேட்பது. குவாஷில் முழுப் புகாரும் குற்றம் ஆகிறதா என்று மேலோட்டமாகப் பார்ப்பார்கள். டிஸ்சார்ஜில், சேகரித்த ஆதாரம் வலுவான சந்தேகத்தையாவது எழுப்புகிறதா என்று கொஞ்சம் சலித்துப் பார்க்கலாம். நாலாவது, ஐந்தாவது எதிரியாக (குற்றம் சாட்டப்பட்டவராக) பெயரை மட்டும் சேர்த்திருக்கும் உறவினர்களுக்கு இது அருமையான வழி. எந்தச் சாட்சியும் அவர்களைப் பற்றிக் குறிப்பாக எதுவும் சொல்லவில்லை என்று பக்கம் பக்கமாகக் காட்டலாம். பெரிய செலவும் இல்லை.

புதிய சட்டத்தில் நாள் கணக்கு இருக்கிறது. செஷன்ஸ் வழக்கில், வழக்கு அங்கே ஒப்படைக்கப்பட்ட நாளிலிருந்து 60 நாளுக்குள் (பிரிவு 250). போலீஸ் அறிக்கையில் தொடங்கிய வாரண்ட் வகை வழக்கில் (இரண்டாண்டுக்கு மேல் சிறை தரக்கூடிய குற்றங்கள்), ஆவண நகல்கள் உங்களுக்குத் தரப்பட்ட நாளிலிருந்து 60 நாளுக்குள் (பிரிவு 262). பழைய சட்டத்தில் இந்த வரம்பு இல்லாததால் பலர் இன்னும் பழைய வேகத்திலேயே இருக்கிறார்கள். நகல் வாங்கிய தேதியைக் குறித்து வையுங்கள். ஹைகோர்ட்டில் குவாஷ் நிலுவையில் இருக்கிறது என்று இந்த 60 நாளை விட்டுவிடாதீர்கள்.

ஒரு எல்லை: டிஸ்சார்ஜ் கட்டத்தில் உங்கள் தரப்பு ஆவணங்களைப் பொதுவாகக் காட்ட முடியாது. போலீஸ் தாக்கல் செய்ததை வைத்தே வாதாட வேண்டும் என்று 2004ல் தேவேந்திரநாத் பாதி வழக்கில் உச்ச நீதிமன்றம் முடிவு செய்திருக்கிறது.

எஃப்.ஐ.ஆரை எதிர்த்து குவாஷ் போட்டிருந்தோம். அதுக்குள்ள சார்ஜ் ஷீட் போட்டுட்டாங்க. மனு வீணாப் போச்சா?

சட்டப்படி வீணாகவில்லை. எஃப்.ஐ.ஆரை எதிர்த்த மனு நிலுவையில் இருக்கும்போது குற்றப்பத்திரிகை வந்துவிட்டதால் மட்டும் உயர் நீதிமன்றத்தின் அதிகாரம் போய்விடாது என்று உச்ச நீதிமன்றம் 2018ல் ஆனந்த்குமார் மோகட்டா வழக்கில் சொன்னது. நடைமுறையில், குற்றப்பத்திரிகையை எதிர்த்துக் கோரிக்கையைத் திருத்தவோ, இந்த மனுவைத் திரும்பப் பெற்றுப் புதிதாகப் போடவோ சொல்வார்கள். திரும்பப் பெறும்போது "புதிய மனு போடும் உரிமையுடன்" என்று உத்தரவில் எழுதி வாங்குங்கள். ஏன் என்பது இரண்டாவது மனு பற்றிய கேள்வியில் தெரியும்.

டிஸ்சார்ஜ் தள்ளுபடி ஆயிடுச்சு. அடுத்து ரிவிஷனா, குவாஷா?

சீராய்வு, அதாவது ரிவிஷன்தான் நேர்வழி. பி.என்.எஸ்.எஸ். 438 (பழைய 397). அதில் இரண்டு தடைகள் இருக்கின்றன. முதலாவது, இடைக்கால உத்தரவுகளை எதிர்த்துச் சீராய்வு கிடையாது. வாய்தா தள்ளிவைத்தது, சாட்சிக்குச் சம்மன் அனுப்பியது போன்றவை அந்த வகை. டிஸ்சார்ஜை மறுத்ததும் குற்றச்சாட்டு வனைந்ததும் அப்படிப்பட்டவை அல்ல, வழக்கின் போக்கையே தீர்மானிக்கிறவை என்பது 1977ல் மது லிமயே வழக்கிலிருந்து வரும் நிலைப்பாடு. ஆகவே சீராய்வு போடலாம்.

இரண்டாவது தடையில்தான் பலர் சிக்குகிறார்கள். சீராய்வைச் செஷன்ஸ் நீதிமன்றத்திலும் போடலாம், உயர் நீதிமன்றத்திலும் போடலாம். ஆனால் ஒருவருக்கு ஒரு தடவைதான். மாஜிஸ்திரேட் உத்தரவை எதிர்த்துச் செஷன்ஸுக்குப் போய்த் தோற்றால், ஹைகோர்ட்டில் மறுபடி சீராய்வு போட முடியாது. அப்போது மிஞ்சுவது 528 மட்டும். மோசமான அநீதி நடந்திருக்கிறது என்று காட்டினால்தான் அதுவும் நகரும். எங்கே போடுவது என்று முதலிலேயே யோசித்து முடிவெடுங்கள்.

சீராய்வு வழி இருக்கிறது என்பதற்காக 528 மனுவைக் கேட்கவே கூடாது என்று இல்லை. பிரபு சாவ்லா வழக்கில் 2016ல் அதைச் சொல்லிவிட்டார்கள். ஆனாலும் கண்ணெதிரே நேர்வழி இருக்கும்போது சுற்றுவழியில் வந்தால், ஏன் என்று நீதிபதி கேட்பார். பதிலைத் தயாராக வைத்திருக்க வேண்டும்.

சார்ஜ் ஃப்ரேம் பண்ணியாச்சு. இப்போ டிஸ்சார்ஜ் போடலாமா?

முடியாது. குற்றச்சாட்டு வனைந்த பிறகு தண்டனை அல்லது விடுதலை என்று இரண்டு முடிவுகள்தான். குற்றச்சாட்டைத் திருத்தும் பிரிவை (பழைய 216, புதிய 239) பிடித்துக்கொண்டு "குற்றச்சாட்டை நீக்குங்கள்" என்று மனு போடும் பழக்கம் ஒன்று இருந்தது. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2024 ஆகஸ்ட்டில் உச்ச நீதிமன்றம் அதைக் கண்டித்தது. அந்தப் பிரிவு நீதிமன்றத்துக்குத் திருத்தும் அதிகாரம் தருகிறதே தவிர, விடுவிக்கக் கேட்கும் உரிமையை எதிரிக்குத் தரவில்லை என்றது. வனைந்த உத்தரவையே சீராய்வில் எதிர்ப்பதுதான் சரியான வழி. மேலே சொன்ன 90 நாளுக்குள்.

எனக்கு செக் பவுன்ஸ் கேஸ். இதுல டிஸ்சார்ஜ் போடலாமா?

செக் பவுன்ஸ் குற்றத்தைச் சொல்லும் 138ஆவது பிரிவு வழக்கு, தண்டனை குறைவான சம்மன் வகை. அதில் டிஸ்சார்ஜ் என்ற கட்டமே இல்லை. சம்மன் அனுப்பிய மாஜிஸ்திரேட்டே அதைத் திரும்பப் பெறவும் முடியாது என்று 2004ல் அதாலத் பிரசாத் வழக்கில் தீர்ப்பு வந்தது. எனவே தொடக்கத்திலேயே எதிர்க்க 528தான் வழி.

"கடனே இல்லை, செக்யூரிட்டிக்குக் கொடுத்த செக்" என்ற வாதம் குவாஷில் பெரும்பாலும் எடுபடாது. கையெழுத்தை ஒப்புக்கொண்டால் கடனுக்காகக் கொடுத்தது என்று சட்டமே அனுமானிக்கிறது. அதை உடைப்பது விசாரணையில்தான். தேதிக் கணக்கு தவறியிருந்தால் நிலைமை வேறு. செக் திரும்பிய தகவல் வந்த 30 நாளுக்குள் நோட்டீஸ், நோட்டீஸ் கிடைத்தபின் பணம் கட்ட 15 நாள், அது முடிந்து ஒரு மாதத்துக்குள் புகார். இதில் எது தவறியிருந்தாலும் வக்கீலிடம் முதலில் அதைச் சொல்லுங்கள். கம்பெனி செக் என்றால், அன்றாட நிர்வாகத்தில் இல்லாத இயக்குநரைச் சும்மா சேர்த்திருக்கிறார்களா என்பதும் நல்ல காரணம்.

போராட்டத்துல கலந்துக்கிட்டதுக்கு 143, 188, 341ல கேஸ் இருக்கு. வருஷக்கணக்கா அப்படியே கிடக்கு. என்ன பண்ணலாம்?

143 சட்டவிரோதமாகக் கூடியது, 341 வழிமறித்தது. இவற்றில் குவாஷ் வெற்றி பெறும் வாய்ப்பு அதிகம். 188 (இப்போது புதிய தண்டனைச் சட்டமான பி.என்.எஸ். 223), அதாவது அரசு ஊழியரின் உத்தரவை மீறியது என்ற குற்றத்துக்கு, அந்த அரசு ஊழியரோ அவருக்கு மேலதிகாரியோ எழுத்துமூலம் நீதிமன்றத்தில் புகார் தர வேண்டும். போலீஸ் குற்றப்பத்திரிகையை வைத்து நீதிமன்றம் கோப்பில் எடுக்க முடியாது. மதுரைக் கிளை 2018ல் இதை விரிவாக எழுதி, போலீஸுக்கு வழிகாட்டுதலும் தந்தது. அதற்குப் பிறகு ஏராளமான வழக்குகள் இதே காரணத்தில் ரத்தாகியிருக்கின்றன.

கால வரம்பும் உதவும். அபராதம் மட்டும் உள்ள குற்றத்துக்கு ஆறு மாதம், ஓராண்டு வரை சிறை உள்ளதற்கு ஓராண்டு, மூன்றாண்டு வரை உள்ளதற்கு மூன்றாண்டு (பழைய 468, புதிய 514). நீதிபதி கோப்பில் எடுத்த நாளை வைத்து இதை எண்ணக் கூடாது, வழக்குத் தொடுத்த நாளைத்தான் பார்க்க வேண்டும் என்று 2013ல் அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்தது. புதிய சட்டமோ காவல் நிலையத்தில் தகவல் பதிவான நாளையே கணக்கு என்று விளக்கம் சேர்த்துவிட்டது. ஆகவே 2024 ஜூலைக்குப் பின் பதிவான வழக்குகளில், சார்ஜ் ஷீட் தாமதம் என்ற பழைய வாதத்தின் பலம் குறைந்துவிட்டது.

மாணவர்கள் இந்த வழக்குகளைச் சின்னது என்று விட்டுவிடக் கூடாது. பாஸ்போர்ட்டுக்கும் அரசு வேலைக்கும் சரிபார்க்கும்போது இவை எழுந்து நிற்கும். விண்ணப்பத்தில் வழக்கு உண்டா என்ற கேள்விக்கு, ரத்தான வழக்கானாலும் கேட்டபடி உண்மையை எழுதுங்கள். மறைத்ததற்காகவே வேலை இழந்தவர்கள் உண்டு.

ரெண்டு தரப்பும் சமாதானம் ஆயிட்டோம். இப்போவாவது முடிச்சுக்கலாமா?

முதலில் உங்கள் பிரிவு சமரசத்துக்கு உரிய பட்டியலில் (பழைய 320, புதிய 359) இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் விசாரணை நீதிமன்றத்திலேயே ராஜி மனு போட்டு முடிக்கலாம். இல்லாவிட்டால் ஹைகோர்ட். 2012ல் கியான் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்கு வழி திறந்தது. குடும்பத் தகராறு, பணத் தகராறு, வியாபாரத் தகராறு போன்ற தனிப்பட்ட தன்மை கொண்ட வழக்குகளைச் சமரசத்தின் பேரில் ரத்து செய்யலாம். கொலை, பாலியல் வன்கொடுமை, கொள்ளை போன்றவை சமுதாயத்துக்கு எதிரானவை. பாதிக்கப்பட்ட குடும்பம் கையெழுத்துப் போட்டாலும் முடியாது. சிறுமி மீதான பாலியல் குற்றத்தைச் சமரசத்தால் ரத்து செய்ததை 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் நீக்கியது. அது சரியான தீர்ப்பு. அந்தக் குழந்தைக்காகப் பெரியவர்கள் பேரம் பேசக் கூடாது.

சமரசக் குவாஷில் இரு தரப்பும் அடையாள அட்டையுடன் நீதிபதி முன் தோன்றி, மனப்பூர்வமாகத்தான் ஒத்துக்கொண்டோம் என்று சொல்ல வேண்டியிருக்கும். புகார்தாரரை மிரட்டிக் கையெழுத்து வாங்கியிருந்தால் அங்கே வெளியில் வந்துவிடும்.

வன்கொடுமைச் சட்டம், லஞ்சக் கேஸ், என்.ஐ.ஏ. கேஸுக்கும் இதெல்லாம் பொருந்துமா?

அவற்றுக்குத் தனி வேலிகள் உண்டு. எஸ்.சி., எஸ்.டி. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில், சிறப்பு நீதிமன்றத்தின் இடைக்கால உத்தரவு தவிர்த்த உத்தரவுகளை எதிர்க்க 14ஏ பிரிவின்படி மேல்முறையீடுதான் போட வேண்டும். அதற்கு 90 நாள். பாதிக்கப்பட்டவருக்குத் தகவல் தந்து அவர் தரப்பைக் கேட்காமல் எதுவும் நகராது. ஊழல் தடுப்புச் சட்டத்தின் 19ஆவது பிரிவு, இடைக்கால உத்தரவுகளில் சீராய்வையும் வழக்குக்குத் தடை தருவதையும் கடுமையாகக் கட்டுப்படுத்துகிறது. என்.ஐ.ஏ. (தேசியப் புலனாய்வு முகமை) சட்டத்தில் மேல்முறையீட்டுக்கு 30 நாள். காரணம் காட்டினாலும் 90 நாளுக்கு மேல் இடமில்லை என்று எழுதியிருக்கிறது. இந்த வழக்குகளில் முதல் வாரத்திலேயே வக்கீலிடம் போய்விடுங்கள்.

ஒரு தடவை குவாஷ் தள்ளுபடி ஆச்சு. வேற வக்கீலை வெச்சு மறுபடி போடலாமா?

வக்கீலை மாற்றுவது புதிய காரணம் ஆகாது. தீர்ப்பில் கையெழுத்தான பிறகு, எழுத்துப் பிழை தவிர அதே நீதிமன்றம் அதைத் திருத்த முடியாது (பழைய 362, புதிய 403). இரண்டாவது மனு போடவே முடியாது என்று இல்லை. சூழ்நிலை மாறியிருந்தால் போடலாம் என்று 1974லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் முதல் மனுவின்போதே கையில் இருந்த காரணத்தை ஒளித்துவைத்து, இரண்டாவது மனுவில் எடுக்க முடியாது என்று 2023ல் பீஷம்லால் வர்மா வழக்கில் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்கள். எல்லாக் காரணங்களையும் முதல் மனுவிலேயே எழுதிவிடுங்கள்.

குவாஷில் தோற்றதால் விசாரணையில் தோற்றுவிட்டதாக அர்த்தமில்லை. தள்ளுபடி உத்தரவில் உள்ள கருத்துகள் அந்த மனுவை முடிவு செய்ய மட்டுமே. டிஸ்சார்ஜுக்கு நாள் பாக்கி இருந்தால் அதையும் பொதுவாகப் போடலாம்.

சின்னக் கேஸ்னு குற்றத்தை ஒத்துக்கிட்டு ஃபைன் கட்டிட்டேன். இப்போ அந்தக் கேஸை ரத்து பண்ண முடியுமா?

இது மிகவும் கஷ்டமான நிலை. "அலைய முடியாது, கட்டிட்டுப் போயிடலாம்" என்று நீதிமன்ற வராந்தாவில் எடுக்கும் முடிவு, சட்டத்தின் கண்ணில் குற்றவாளி என்ற தீர்ப்பு. ஒப்புக்கொண்டு தண்டனை பெற்றவர், தண்டனையின் அளவு அல்லது சட்டப்படி அது சரியா என்பதைத் தவிர வேறெதற்கும் மேல்முறையீடு செய்ய முடியாது (பழைய 375, புதிய 416). தீர்ப்பே வந்துவிட்டதால் ரத்து செய்ய நிலுவையில் வழக்கும் இல்லை.

மிஞ்சுவது சீராய்வு. குற்றச்சாட்டைப் புரியும்படி படித்துக் காட்டவில்லை, நான் ஒப்புக்கொண்டதாக எழுதியது என் சொற்கள் அல்ல, எழுதப்பட்டவை குற்றமே ஆகாது என்பது போன்ற குறை பதிவேட்டிலேயே தெரிந்தால் இடமுண்டு. வேலைக்கு முயற்சி செய்யும் இளைஞர்கள் ஒப்புக்கொள்வதற்கு முன் ஒரு வக்கீலிடம் பேசிவிடுங்கள். கையில் பணம் இல்லையென்றால் ஒவ்வொரு நீதிமன்ற வளாகத்திலும் சட்டப் பணிகள் குழு இருக்கிறது. பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், காவலில் இருப்பவர்களுக்கு வருமானம் பாராமல் இலவச வக்கீல் தருவார்கள். உயர் நீதிமன்றத்திலும் இதற்குக் குழு உண்டு.

தண்டனை வந்தாச்சு. சார்ஜ்லயே பிரிவு தப்பாப் போட்டிருந்தாங்க. அப்பீல்ல அதைச் சொல்லி ஜெயிக்கலாமா?

பிழை இருந்தது என்பது மட்டும் போதாது. அந்தப் பிழையால் உங்களுக்கு அநீதி நடந்தது என்று காட்ட வேண்டும் (பழைய 464, 465, புதிய 510, 511). என்ன குற்றத்துக்கு விசாரிக்கப்படுகிறோம் என்று தெரிந்து, குறுக்கு விசாரணையும் செய்து முடித்தவருக்குப் பிரிவு எண் தவறு பெரிதாக உதவாது. வேறொரு குற்றத்துக்குத் தயாராகி வந்தவரை இன்னொன்றுக்குத் தண்டித்திருந்தால் உதவும்.

இதோடு, "இந்த ஆட்சேபத்தை முன்னாலேயே எழுப்பியிருக்க முடியுமா, எழுப்பியிருக்க வேண்டுமா?" என்றும் மேல்முறையீட்டு நீதிமன்றம் பார்க்க வேண்டும் என்று சட்டத்திலேயே இருக்கிறது. முன் அனுமதியில் குறை, குற்றச்சாட்டில் குறை என்று எது இருந்தாலும் சார்ஜ் ஃப்ரேம் கட்டத்திலேயே எழுத்தில் ஆட்சேபம் பதிவு செய்யுங்கள். நீதிபதி தள்ளுபடி செய்தாலும் அந்தக் காகிதம் கோப்பில் இருக்கும். மேல்முறையீட்டுக்குச் செஷன்ஸில் 30 நாள், உயர் நீதிமன்றத்தில் 60 நாள்.

ஹைகோர்ட்டும் கைவிட்டா, சுப்ரீம் கோர்ட்டுக்குப் போகலாமா?

போகலாம், அரசியல் சாசனத்தின் 136ஆவது பிரிவில் சிறப்பு அனுமதி மனுவாக. உயர் நீதிமன்ற உத்தரவு தேதியிலிருந்து 90 நாள். ஆனால் அனுமதி கேட்கும் மனுதான், உரிமை அல்ல. ஒரு வரியில் தள்ளுபடி ஆவதே அதிகம். குவாஷ் மறுக்கப்பட்ட வழக்கில், சட்டக் கேள்வி ஒன்று தெளிவாக இல்லாமல் டெல்லி வரை செலவு செய்ய வேண்டாம் என்றுதான் என்னிடம் வருகிறவர்களுக்குச் சொல்கிறேன். அந்தப் பணத்தில் விசாரணை நீதிமன்றத்தில் குறுக்கு விசாரணையை நன்றாகச் செய்யும் வக்கீலை வைத்துக்கொள்ளலாம்.